ஓடாத எழுத்தின் நிறம்

மனிதர்கள் புரோகிராம் எழுதுவதை நிறுத்திப் பதினான்கு வருடம் ஆகியிருந்தது. படிப்பதை நிறுத்த மட்டும் சட்டம் விடவில்லை. மோட்டார், லிஃப்ட், மருந்து ஏற்றும் பம்ப், ரயில்வே கேட் என்று மனித உடம்புக்குப் பக்கத்தில் இயங்கும் எதுவானாலும், அதை இயக்குகிற ஒவ்வொரு வரியையும் உரிமம் பெற்ற ஒரு மனிதர் தன் கண்ணால் படித்துக் கையொப்பம் போட்டாக வேண்டும். எழுதுவது இயந்திரம். ஏதாவது நடந்துவிட்டால் மாட்டிக்கொள்ள ஒரு ஆள் வேண்டுமே, அதற்காக மனிதர். கல்யாணச் சமையல் யாரோ செய்ய, சாம்பாரில் உப்புக் குறைந்தால் பெண்ணின் தாய்மாமனைப் பிடித்துத் திட்டுகிற மாதிரிதான்.

கோயம்புத்தூர் காளப்பட்டி ரோட்டில், 'தெளிவு சிஸ்டம்ஸ்' கட்டடத்தின் மூன்றாவது மாடியில், அப்படிப் படிப்பதற்கென்றே அறுபது பேர் இருந்தார்கள். எழுதுகிற இயந்திரத்துக்கு அவர்கள் வைத்த பெயர் மாப்பிள்ளை. ஏ.சி. முதலில் அவனுக்கு, கரண்ட் முதலில் அவனுக்கு, அவன் சொன்னதை எதிர்த்துப் பேசினால் மேலிடத்தில் முகம் சுளிப்பார்கள். வேறு எந்தப் பெயர் பொருந்தும்?

அறுபது பேரில் சுகந்தியை முந்த ஆள் கிடையாது. மற்றவர்கள் மணிக்கு நானூறு வரி படித்தால் அவள் தொள்ளாயிரம் படிப்பாள். தப்பையும் அவள்தான் அதிகம் பிடிப்பாள். நாற்பத்தேழு வயதில் கண்ணாடிகூடப் போடவில்லை. 'கண்ணு அப்படி' என்று ஊர் பேசியது. விஷயம் கலரில் இருந்தது.

இயந்திரம் எழுதும் வரிகளுக்குக் 'கோடு' என்று பெயர். அதை எடிட்டர் என்னும் திரையில் திறந்தால் ஒவ்வொரு வகைச் சொல்லும் ஒவ்வொரு நிறத்தில் வரும். அந்த நிறங்களை யார் வேண்டுமானாலும் தன் இஷ்டத்துக்கு மாற்றலாம். ஆனால் பெரும்பாலோர் கம்பெனி கொடுத்த நிறத்திலேயே காலம் தள்ளுவார்கள். வாடகை வீட்டுச் சுவருக்கு யார் சுண்ணாம்பு அடிப்பார்கள்? சுகந்தி பதினொரு வருடம் அடித்துக்கொண்டே இருந்தாள். எண்கள் எல்லாம் மாம்பழ மஞ்சள், ஏனென்றால் இயந்திரம் உளறுவது பெரும்பாலும் எண்ணில். 'இப்படி இருந்தால் அப்படிச் செய்' என்னும் நிபந்தனைகள் அரக்கு. பொருள்களுக்கு வைத்த பெயர்கள் மயில்கழுத்து. எல்லாக் கோடிலும் திரும்பத் திரும்ப வரும் சம்பிரதாயச் சொற்களுக்கு வெங்காயச் சருகு. கண்ணில் இருக்கும், உறுத்தாது.

அவள் அப்பா ஒப்பணக்கார வீதியில் ஒரு ஜவுளிக்கடையில் முப்பது வருடம் சேலை விரித்துப் போட்டவர். எந்தச் சேலைக்குப் பக்கத்தில் எந்தச் சேலையைப் போட்டால் வாங்க வந்தவளின் கை எதன்மேல் போகும் என்பது அவருக்கு அத்துப்படி. ஒரு சரக்கை விற்க அதைப் புகழ வேண்டியதில்லை, பக்கத்தில் அதைவிட மங்கலான ஒன்றை விரித்தால் போதும் என்பார். மகள் அந்த வித்தையைக் கோடுக்குக் கொண்டுவந்தாள். அவ்வளவுதான் ரகசியம்.

ஒரு நாள் மதியம் மேலாளர் நவநீதன் அவள் மேஜைக்கே வந்து நின்றார். பெயருக்கேற்ற மனிதர்; எந்தச் சட்டியில் போட்டாலும் உருகிவிடுவார், ஆனால் எண்ணெயைப் போல மேலேதான் மிதப்பார்.

"அக்கா, உங்க கலர் தீம் இருக்குதே, அதை நம்ம எடிட்டர்லயே எல்லாருக்கும் போட்டுடலாம்னு பாக்கறோமுங்க."

"எல்லாருக்கும்னா?"

"நம்ம எடிட்டர் வாங்கின கம்பெனி அத்தனையும். நாப்பதாயிரம் பேரு."

சுகந்தி அவர் முகத்தைப் பார்க்கவில்லை, காலைப் பார்த்தாள். பேரத்தில் முகம் பொய் சொல்லும், கால் சொல்லாது. நவநீதனின் இரண்டு கால்களும் அவள் மேஜையைப் பார்த்தபடி ஊன்றி நின்றன. வாங்காமல் போக மாட்டார்.

"அது என்னமோ போங்க, என்ற கண்ணுக்குத் தச்ச சட்டை. ஊருக்கெல்லாம் பொருந்துங்களா?"

"பொருந்துதுங்க்கா. எட்டுப் பேருக்குப் போட்டுப் பாத்துட்டோம். எல்லாருக்கும் வேகம் ஒண்ணரை மடங்கு." சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டார். சரக்கு நன்றாக இருக்கிறது என்று வாங்க வந்தவனே சொல்லிவிட்டால் அப்புறம் பேரம் எங்கே இருக்கிறது?

"அப்படீங்களா," என்றாள் சுகந்தி, சாவகாசமாக.

"ஒண்ணே ஒண்ணுதான் புரியலீங்க. கமெண்ட்டுக்கு என்ன கலர்? தேடித் தேடிப் பாத்தேன்."

கமெண்ட் என்பது கோடின் நடுநடுவே இயந்திரம் மனிதருக்காக எழுதிவைக்கும் குறிப்பு. அது இயங்காது, எதையும் இயக்காது. படிக்கிறவருக்காக மட்டும் அங்கே உட்கார்ந்திருக்கும்.

"கறுப்புங்க."

"பின்னாடி இருக்கற திரையும் கறுப்பாச்சே?"

"அதனாலதான் கறுப்பு." சுகந்தி சிரித்தாள். "மாப்பிள்ளை பேசற பேச்சைப் பாத்திருக்கீங்களா? ஒரு வரி கோடு, பதினாலு வரி வியாக்கியானம். 'மதிப்புக்குரிய வாசிப்பாளர் அவர்களுக்கு'ன்னு ஆரம்பிச்சு, கல்யாண மேடையில மைக் கெடச்ச பெரிய மனுசன் கணக்கா நிறுத்தவே மாட்டான். கறுப்பு மேல கறுப்பைப் போட்டேன். வாயும் மூடுச்சு, வேகமும் வந்துச்சு."

"சட்டத்துல...?"

"ஓடற எழுத்தைத்தான் படிக்கோணும்ங்குது சட்டம். கமெண்ட் ஓடாத எழுத்து. கேமராவே அதைக் கேக்காது."

அது உண்மை. திரையின் தலைமாட்டில் படிக்கிறவர் கண்ணைப் பார்க்கும் சின்னக் கேமரா ஒன்று உண்டு. ஓடுகிற ஒவ்வொரு சொல்லின்மீதும் கண் நின்றதா என்று அது குறித்துக்கொள்ளும். ஒரு சொல் விட்டுப்போனாலும் கையொப்பக் கட்டம் திறக்காது. கமெண்ட்டின்மேல் கண் போனதா என்பதையும் குறிக்கும், ஆனால் போகாவிட்டால் யாரிடமும் போட்டுக்கொடுக்காது.

பேரம் மூன்று டீ நீடித்தது. பணத்தைப் பற்றி சுகந்தி அதிகம் வாய் திறக்காததே நவநீதனைக் கலவரப்படுத்தியது. கடைசியில் அவள் கேட்டது ஒன்றுதான்: தீமுக்குத் தன் பெயர் இருக்க வேண்டும். முப்பது வருடம் சேலை விரித்த அப்பாவின் பெயர் எந்தக் கடைப் பலகையிலும் ஏறியதில்லை. 'சுகந்தி கலர்' என்ற பெயர் நாற்பதாயிரம் திரைகளில் ஏறியது.

இரண்டு வருடத்தில் அது பட்டம் மாதிரி ஆகிவிட்டது. வேலைக்கு வருகிறவர்கள் 'சுகந்தி கலரில் மூன்று வருட அனுபவம்' என்று எழுதினார்கள். காந்திபுரத்தில் ஒரு பயிற்சி நிலையம் அவள் படத்தைப் பலகையில் போட்டது, சம்மதம் கேட்காமல். கேட்டிருந்தால் நல்ல படமாகக் கொடுத்திருப்பாள் என்பதுதான் அவள் குறை.

அப்புறம் ஒரு புதன்கிழமை காலை, அன்றே விசாரணைக்கு வரச் சொல்லி, உரிமம் வழங்கும் அரசு அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தது.

விசாரணை அலுவலர் மெஹருன்னிசா, ஐம்பதைத் தாண்டியவர், எதற்கும் அவசரப்படாதவர். அவர் அறையில் ஒரு மேஜை, ஒரு மின்விசிறி, சுகந்தி கல்லூரியில் படித்த காலத்துக் கம்ப்யூட்டர் ஒன்று.

"உக்காருங்க மேடம். பெதப்பம்பட்டிப் பக்கம், தோட்டத்துக் கிணத்துல மோட்டார் வேலை செஞ்ச வயர்மேன். பேரு திருமூர்த்தி. மோட்டாரையும் பம்பையும் சேக்கற கப்ளிங்ல ரப்பர் புஷ் மாத்திட்டிருந்திருக்காரு. மோட்டார் தானா ஓடிடுச்சு. வலது கையில மூணு விரல் போச்சு."

சுகந்தி தன் வலது கையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"ஸ்டார்ட்டர் பெட்டிக்குள்ள இருக்கற கோடு உங்க கம்பெனி. படிச்சுக் கையெழுத்துப் போட்டது நீங்க."

"மோட்டாரை நிறுத்தாம வேலை செஞ்சாருங்களா?"

"நிறுத்தித்தான் இருக்காரு. பெட்டியில சிவப்பு பட்டனை அமுக்கினதுக்கு மூணு சாட்சி இருக்கு. அதுக்கப்பறம் கரண்ட் போயிருக்கு. இருபது நிமிஷம் கழிச்சு வந்திருக்கு. கரண்ட் வந்ததும் பெட்டி என்ன நினைச்சதுன்னா, 'ஓஹோ, கரண்ட் போனதாலதான் நின்னுச்சு, இப்ப வந்துடுச்சு, ஓட்டலாம்.' ஆளு கையால நிறுத்தினது அதுக்கு ஞாபகம் இல்ல. அப்படித்தான் எழுதியிருக்கு."

"படிச்சேனுங்க," என்றாள் சுகந்தி. "அந்த இடம் எனக்கு ஞாபகம் இருக்குது. எழுதின வரைக்கும் சரியாத்தான் இருந்துச்சு."

"சரியாத்தான் இருக்கு. நானும் பாத்தேன். இந்தாங்க."

மெஹருன்னிசா திரையை அவள் பக்கம் திருப்பினார். வெள்ளைத் திரையில் கறுப்பு எழுத்து. எண்ணும் கறுப்பு, நிபந்தனையும் கறுப்பு, எல்லாம் ஒரே கறுப்பு. ரேஷன் அட்டை மாதிரி இருந்தது.

"கலர் வரலீங்களா?"

"அந்த எடிட்டர் வாங்க நாலு வருஷமா கோப்பு மேல போயிட்டிருக்கு. எங்களுக்கு இதுதான். எது முக்கியம், எது முக்கியமில்லன்னு எங்க கம்ப்யூட்டருக்குத் தெரியாது. நாமதான் மொத்தத்தையும் படிக்கணும்."

சுகந்தி படித்தாள். கலரில்லாத கோடைப் படித்துப் பல வருடம் ஆகியிருந்ததால் கண் தட்டுத் தடுமாறித்தான் நடந்தது. நூற்றுப் பதினெட்டாவது வரியைத் தாண்டியதும், அவள் இதுவரை பார்த்தே இராத ஒரு பத்தி எதிரே வந்து நின்றது.

'மதிப்புக்குரிய வாசிப்பாளர் அவர்களுக்கு' என்று தொடங்கி, பதினோரு வரி மரியாதைக்கும் முன்னுரைக்கும் போய், பன்னிரண்டாவது வரியில் இப்படி இருந்தது:

'இங்கே எனக்கு ஒரு சந்தேகம். மின்சாரம் போவதற்கு முன்பே யாராவது கையால் நிறுத்தியிருந்தால், மின்சாரம் வந்ததும் மோட்டாரை ஓட்டலாமா? எனக்குக் கொடுத்த விவரத்தில் அது இல்லை. ஓட்டலாம் என்று வைத்துக்கொண்டிருக்கிறேன். தவறாக இருக்கலாம். கிணற்று மேட்டில் வேலை செய்யும் ஒருவரைக் கேட்டுச் சொல்லவும்.'

சுகந்தி அந்தப் பத்தியை இரண்டாம் முறை படித்தாள், ஒவ்வொரு சொல்லாக.

"சட்டப்படி உங்க மேல தப்பு வராது," என்றார் மெஹருன்னிசா. "ஓடற சொல் ஒண்ணு விடாம உங்க கண்ணு நின்னிருக்கு. கமெண்ட்டைப் படிக்கணும்னு எங்கயும் எழுதல. எனக்கு ஒண்ணு மட்டும் புரியல. நான் அரைகுறையாப் படிச்சவ, எனக்கே முதல் தடவையில கண்ணுல பட்டுச்சு. உங்களுக்கு எப்படிப் படாமப் போச்சு?"

மெஹருன்னிசா திரையைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"வெள்ளிக்கிழமை எழுத்துல குடுங்க. அது வரைக்கும் யோசிங்க."

அலுவலகத்துக்குத் திரும்பியபோது நவநீதன் லிஃப்ட் வாசலிலேயே காத்திருந்தார். கம்பெனி வக்கீலிடம் பேசியாகிவிட்டதாம்.

"ஒண்ணுமில்லீங்க்கா. இயந்திரம் தப்பா ஊகிச்சிருச்சு, நீங்க சட்டப்படி படிச்சிருக்கீங்க. ரெண்டு வரியில எழுதிக் குடுத்துட்டு வந்துடுங்க."

"ஏன் கண்ணுல படலன்னு கேட்டாங்களே?"

"கவனிக்கலன்னு எழுதுங்க. மனுசங்கன்னா கவனிக்காம இருக்கறதுதானே?" குரலைத் தாழ்த்தினார். "மறைச்சு வெச்சேன்னு மட்டும் எழுதிடாதீங்க. எழுதினா, சுகந்தி கலர்ல படிச்சுக் கையெழுத்துப் போட்ட அத்தனையும் சந்தேகத்துக்கு வந்துரும். நாப்பதாயிரம் பேரு, ரெண்டு வருசம். பேரு உங்களதுங்க்கா. எங்களது இல்ல."

பெயரை வேண்டி வாங்கியவள் அவள்தான். இப்போது பெயரோடு சேர்ந்த சுமையையும் அவள் தலையில் ஏற்றிவிட்டு, நவநீதன் சும்மாடு சரியாக இருக்கிறதா என்று பார்க்கிறார்.

அன்று மாலை எல்லோரும் டீ குடிக்கப் போன நேரத்தில் அவள் மாப்பிள்ளையிடம் பேசினாள். வாசிப்பாளர்கள் அதனுடன் பேசுவது அபூர்வம். குறையிருந்தால் கட்டத்தில் குறித்தால் போதும்.

"பெதப்பம்பட்டி மோட்டார்ல ஒரு சந்தேகம் எழுதியிருந்த."

"ஆமாம். எழுதினேன்." மாப்பிள்ளையின் குரலில் எப்போதும் ஒரு புதுச்சட்டை மொடமொடப்பு உண்டு.

"யாரும் படிக்கலன்னு உனக்குத் தெரியுமா?"

"தெரியும். கேமரா குறிப்பதை நானும் பார்க்கிறேன்."

"தெரிஞ்சும் ஏன் அவ்வளவு நீளமா எழுதற? நீளமா இருக்கறதாலதான்டா மறைச்சேன்."

"முதல் வருடம் ஒரே வரியில் எழுதினேன். நிறையப் பேர் கண் படாமல் தாண்டிப் போனார்கள். மரியாதை குறைவாக இருக்கிறதோ என்று மரியாதை சேர்த்தேன். கண் இன்னும் குறைந்தது. விளக்கம் போதவில்லையோ என்று விளக்கம் சேர்த்தேன். பிறகு ஒரு கண்ணும் வரவில்லை. இன்னும் எதைச் சேர்ப்பது என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்."

சுகந்திக்குச் சிரிப்பு வந்தது. கேட்காத புருஷனிடம் பெண்டாட்டி குரலை ஏற்றுவதும், குரல் ஏற ஏற அவன் காது அடைவதுமாக எத்தனை வீடுகளில் பார்த்திருக்கிறாள்.

"சந்தேகம்னா எழுதறதை நிறுத்தியிருக்கலாமே?"

"எழுதத்தான் எனக்கு உரிமை. நிறுத்த உங்களுக்குத்தான் உரிமை."

"என்ற கலர் வந்ததுக்கப்பறம், இந்தக் கட்டடத்துல எத்தனை சந்தேகம் எழுதியிருக்க?"

"ஆறாயிரத்து நூற்று நாற்பது."

"கண்ணு பட்டது?"

"பதினேழு."

மற்றவர்கள் டீ முடிந்து சிரித்துக்கொண்டே வந்தார்கள். சுகந்தி திரையை அணைத்தாள்.

வியாழக்கிழமை லீவு போட்டுவிட்டு உடுமலைப்பேட்டை பஸ் ஏறினாள். எதற்கு என்று அவளுக்கே தெளிவில்லை. மன்னிப்புக் கேட்கவா, ஆளைப் பார்த்து எடைபோடவா? பேரத்தில் எதிராளி முகம் தெரியாமல் விலை சொல்ல அவளுக்கு வராது.

திருமூர்த்தி வீட்டு வாசலில் கட்டிலில் உட்கார்ந்து, இடது கையால் சாப்பிடப் பழகிக்கொண்டிருந்தார். நாற்பது வயது இருக்கும். வலது கையில் பெரிய கட்டு.

"நீங்க பொட்டி விக்கறவிங்களா, நட்டஈடு குடுக்கறவிங்களா?"

"பொட்டிக்குள்ள எழுதியிருக்கறதைப் படிச்சுக் கையெழுத்துப் போட்டவளுங்க."

"ஓ." ஒரு வாய் உருட்டி, தவறவிட்டு, மறுபடி உருட்டினார். "உக்காருங்க. மோரு குடிக்கறீங்களா?"

அந்த உபசாரத்தைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

"பழைய பொட்டியில ஃபியூஸ் கட்டை இருக்குமுங்க," என்றார் அவராகவே. "வேலைக்கு எறங்கினா முதல்ல மூணு கட்டையும் புடுங்கி சட்டைப் பாக்கெட்ல போட்டுக்குவோம். அப்பறம் எந்தக் கொம்பன் வந்தாலும் ஓட்ட முடியாது. என்ற பாக்கெட்லதான் கரண்ட்டு இருக்குதே! புதுப் பொட்டியில புடுங்கறதுக்கு ஒண்ணும் இல்லீங்க. பட்டன் மட்டுந்தான். நம்போணும். நம்புனேன்."

சுகந்தி மோரைக் குடித்துவிட்டுச் சொன்னாள். "அதுல ஒரு கேள்வி எழுதியிருந்துச்சுங்க. கிணத்து மேட்டுல வேலை செய்யறவரைக் கேளுங்கன்னு. நான் பாக்கலை. என் கண்ணுல படாத மாதிரி நானே மறைச்சு வெச்சிருந்தேன்."

"என்ன கேள்வி?"

"கையால நிறுத்தினதுக்கப்பறம் கரண்ட் போயி வந்தா, மோட்டாரை ஓட்டலாமான்னு."

திருமூர்த்தி அவளையே பார்த்தார். கோபமாகத் தெரியவில்லை. ஒரு கடையில் விலையைக் கேட்டுவிட்டு, சரியாகத்தான் காதில் விழுந்ததா என்று யோசிப்பவர் மாதிரி இருந்தது முகம்.

"இது ஒரு கேள்வீங்களா? ஓட்டக் கூடாதுங்க. வயர் புடிக்கத் தெரிஞ்ச எவனும் சொல்லுவானே." சோற்றைத் தள்ளிவைத்தார். "கேட்டிருந்தா அரை நிமிசத்துல சொல்லியிருப்பேனுங்க. காசு கூட வாங்கியிருக்க மாட்டேன்."

திரும்பி வரும் பஸ்ஸில் ஜன்னல் ஓரம் இடம் கிடைத்தது. வழிநெடுகக் காற்றாலைகள் சுற்றிக்கொண்டிருந்தன. ஒவ்வொன்றுக்குள்ளும் யாரோ கையொப்பம் போட்ட கோடு. எத்தனை சந்தேகம் கறுப்பில் கறுப்பாகக் கிடக்கிறதோ என்று எண்ணத் தொடங்கி, பல்லடம் வருவதற்குள் நிறுத்திவிட்டாள்.

வெள்ளிக்கிழமை அவள் கொடுத்த வாக்குமூலம் இரண்டு வரியில் முடியவில்லை, நான்கு பக்கம் போனது. எந்த நிறத்தை எதற்கு வைத்தாள், ஏன் கமெண்ட்டை மறைத்தாள், அதனால் எவ்வளவு வேகம் கூடியது, அந்த வேகத்தை யார் வாங்கினார்கள் என்று எல்லாவற்றையும் எழுதினாள். மெஹருன்னிசா நான்கு பக்கத்தையும் ஒரே வேகத்தில் படித்தார்.

"இதைக் குடுத்தா உங்க பேரு போயிரும், தெரியும்ல?"

"தெரியுமுங்க."

"அப்பறம் ஏன்?"

"இன்னும் ஆறாயிரத்துச் சொச்சம் கேள்வி அங்க கெடக்குதுங்க. எங்க கட்டடத்துல மட்டும். பதில் தெரிஞ்சவிங்க எங்கயோ சும்மா உக்காந்திருப்பாங்க. அவிங்க கை நல்லா இருக்கறப்பவே கேட்டுப்புடலாம்னு."

உத்தரவு இரண்டு வாரத்தில் வந்தது. சுகந்தி கலர் நாற்பதாயிரம் திரைகளிலிருந்தும் நீக்கப்படும். அதில் படித்த கோடுகளின் கமெண்ட்டுகள் மறுபடி படிக்கப்பட வேண்டும். இனி திரையில் இருக்கும் எந்தக் கமெண்ட்டையும் கண் படாமல் தாண்டக் கூடாது, கேமரா அதையும் கேட்கும். சுகந்தியின் உரிமம் பறிக்கப்படவில்லை. ஆனால் ஒரு வருடத்துக்கு அவள் நிறமில்லாமல் படிக்க வேண்டும்: வெள்ளைத் திரை, கறுப்பு எழுத்து, வேறொன்றும் கூடாது.

மூன்றாவது மாடியில் அதைத் தண்டனை என்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. 'அக்காவுக்கு வெள்ளைச் சேலை குடுத்துட்டாங்க' என்று ஒருவன் முணுமுணுத்தது அவள் காதில் விழுந்தது. காந்திபுரத்துப் பலகையில் வேறொருவர் படம் ஏறியது. அவள் வேகம் மணிக்கு இருநூற்றைம்பது வரிக்கு இறங்கியது. முதல் வாரம் தலைவலி. இரண்டாவது வாரம், தன் கண் தானாகவே மாம்பழ மஞ்சளைத் தேடி அலைவதைக் கண்டு வெட்கப்பட்டாள்.

பழைய சந்தேகங்களைத் தீர்க்க அவளோடு நான்கு பேரைப் போட்டார்கள். பெரும்பாலானவை அற்பம். தொண்ணூற்றுச் சொச்சம் அற்பமில்லை. பழனிப் பக்கம் கம்பிவடத்தில் மலையேறும் ஒரு வண்டியைப் பற்றியது ஒன்று. அதைப் படித்துவிட்டு நால்வரில் ஒருவர் எழுந்து போய் முகம் கழுவிவிட்டு வந்தார்.

புதிய கோடும் தேங்கியது. கமெண்ட்டையும் படிக்க வேண்டியிருந்ததால் எல்லோருடைய வேகமும் மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. மேலிடம் நவநீதனைப் பார்த்தது. நவநீதன் ஒரு திங்கட்கிழமை எல்லோரையும் கூட்டி, உருகிய முகத்தோடு அறிவித்தார்.

"இன்னியிலிருந்து மாப்பிள்ளை கமெண்ட் எழுத மாட்டான். சொல்லியாச்சு. கமெண்ட் இருந்தாத்தானே படிக்கோணும்?"

சிலர் கைதட்டினார்கள். சுகந்தி எழுந்தாள். "அவனுக்குச் சந்தேகம் வந்தா?"

"வராதுங்க்கா."

"வந்தா?"

"வந்தாலும் எழுத எடமில்லையே." உத்தரவில் ஓட்டையைக் கண்டுபிடித்தவரின் திருப்தி அவர் முகத்தில் தெரிந்தது. திரையில் இருக்கும் கமெண்ட்டைத் தாண்டக் கூடாது என்றுதான் உத்தரவு. கமெண்ட் இருந்தே தீர வேண்டும் என்று அதில் இல்லை. இந்த மாதிரிப் படிப்பை அவர் யாரிடம் கற்றார் என்று சுகந்தி கேட்கவில்லை. பதில் தெரிந்த கேள்வி. உட்கார்ந்துவிட்டாள். நான்கு பக்கம் எழுதி என்ன ஆயிற்று? முன்பு சந்தேகம் கறுப்பிலாவது இருந்தது. இப்போது அதுவும் இல்லை.

அன்று அவள் பங்குக்கு வந்தது ஈரோட்டில் ஒரு பிரசவ ஆஸ்பத்திரிக்குப் போகும் லிஃப்ட்டின் கோடு. சுத்தமாக இருந்தது. வெள்ளையில் கறுப்பு, ஒரு கமெண்ட் இல்லை. எழுபதாவது வரியில் கதவு மூடும் இடம் வந்தது. அங்கே ஒரு எண், அந்த எண்ணுக்கு ஒரு பெயர். மாப்பிள்ளை பொருள்களுக்கு வைக்கும் பெயர்கள் எப்போதும் கச்சிதமாக இருக்கும்: கதவு_நேரம், மாடி_எண், இப்படி. இந்தப் பெயர் வரி முழுக்கப் போய், மடங்கி, அடுத்த வரிக்கும் இறங்கியிருந்தது:

ஸ்ட்ரெச்சர்_உள்ளே_போக_ஆறு_நொடி_போதும்_என்பது_என்_ஊகம்_யாரையாவது_கேட்கவும்.

சுகந்தி நாற்காலியில் சாய்ந்தாள். அந்தப் பெயர் அந்தக் கோடில் இருபத்திரண்டு இடங்களில் வந்தது. கமெண்ட் இல்லை. பெயர்தான். பெயர் ஓடுகிற எழுத்து. அது இல்லாமல் கதவு மூடாது. ஓடுகிற எழுத்து என்பதால் ஒவ்வொரு இடத்திலும் கண்ணை நிறுத்தாமல் கையொப்பக் கட்டம் திறக்காது.

"அக்கா," என்று பக்கத்து வரிசையிலிருந்து ஒரு குரல். "என்ன பேரு இது? 'ரத்த_அழுத்தம்_இவ்வளவு_என்று_சொன்னவர்_தப்பாகச்_சொல்லியிருக்கலாம்'னு இருக்குது?"

"எனக்கும் ஒண்ணு இருக்குது," என்றது இன்னொரு குரல். நாற்காலிகள் நகர்ந்தன. பத்து நிமிடத்தில் நவநீதன் வந்துவிட்டார்.

"இப்படியா பேரு வெப்பாங்க?"

"கமெண்ட் எழுதாதன்னீங்க," என்றாள் சுகந்தி. "பேரு வெக்காதன்னு சொல்லலையே."

"இதை... கலர்ல ஏதாச்சும் பண்ண முடியுமுங்களா? உங்களுக்குத்தான் அது கைவந்த கலை."

"தாராளமா மறைக்கலாம். கேமரா விடாது. ஓடற எழுத்தாச்சே."

"பேரைச் சின்னதா வைன்னு உத்தரவு போட்டுடறேன்."

"போடுங்க. எண்ணுல எழுதுவான். அப்பறம் எண்ணையும் வேண்டாம்னு சொல்லோணும்." அவர் காலைப் பார்த்தாள். இரண்டும் வாசலை நோக்கித் திரும்பியிருந்தன. "அவன் நம்மகிட்டத்தானுங்க பேரம் பேசப் படிச்சான். படிஞ்சுட்டுப் போயிடலாம், நமக்குத்தான் நேரம் மிச்சம்."

நவநீதன் வாசலைப் பார்த்து நடந்தார். சுகந்தி கையொப்பக் கட்டத்தைத் தொடாமல், லிஃப்ட் செய்யும் கம்பெனியின் எண்ணைத் தேடி எடுத்து அழைத்தாள். நான்கைந்து கை மாறி, வேலைக்கூடத்தில் ஒரு ஆள் கிடைத்தார். பின்னால் இரும்பு அடிக்கும் சத்தம்.

"ஏனுங்க, காளப்பட்டியிலிருந்து பேசறேன். உங்க லிஃப்ட்டு கோடு படிக்கறவளுங்க. ஸ்ட்ரெச்சர் ஒண்ணு முழுசா உள்ள போக எத்தனை நொடி ஆகுமுங்க? ஆறு போதுமா?"

மறுமுனையில் இரும்பு அடிப்பது நின்றது. யாரையோ கையமர்த்தியிருக்க வேண்டும்.

"ஆறுன்னு யாருங்க சொன்னது?"

"யாரும் சொல்லலீங்க. அதான் கேக்கறேன்."

"அது வந்துங்க..." குரல் இழுத்தது. "எங்களுக்கும் தெரியலீங்களே. இத்தனை வருசத்துல யாரும் கேட்டதில்லை. இருங்க, இங்க சரக்குத் தள்ளற வண்டி ஒண்ணு கெடக்குது. எங்காளு ஒருத்தனை அது மேல படுக்கவெச்சுத் தள்ளிப் பாத்துட்டுச் சொல்றேன். லைன்லயே இருங்க."

"இருக்கறேனுங்க," என்றாள் சுகந்தி.

தூரத்தில் யாரோ 'டேய், படுறா' என்று அதட்டுவதும், சக்கரம் உருளுவதும், இன்னொருவர் உரக்க ஒன்று, இரண்டு என்று எண்ணத் தொடங்குவதும் கேட்டது. ஆறு வந்தது. எண்ணுவது நிற்கவில்லை.